அத்தை நிறுத்திய அறை

காற்று மாதம், 4

அன்புள்ள அத்தைக்கு,

இது என் ஏழாவது கடிதம். முந்தைய ஆறுக்கும் பதில் இல்லை. படகுத் தபால்காரரிடம் விசாரித்துவிட்டேன். ஆறையும் உங்கள் கையில்தான் கொடுத்தாராம், ஆறுக்கும் நீங்கள் கையெழுத்துப் போட்டிருக்கிறீர்கள். ஆகவே கடிதம் வந்து சேரவில்லை என்று மட்டும் எழுத வேண்டாம்.

விஷயம் பழையதுதான். அப்பா இன்னும் மாடிப் பட்டறையில் அந்தரத்தில் இருக்கிறார். அவர் ஏணியிலிருந்து விழுந்த நொடியில் நீங்கள் அந்த அறையின் காலத்தைக் கட்டி நிறுத்தினீர்கள். அன்று சாயங்காலமே, "அவசர வேலை, ஒரு வாரத்துல வந்து அவிழ்த்துடறேன்" என்று சொல்லிப் படகேறினீர்கள். அடுத்த மாதத்தோடு இரண்டு வருடம். எந்த வாரம் என்று அன்றே கேட்டு வைத்துக்கொள்ளாதது எங்கள் தவறு.

நிலைமையைச் சொல்கிறேன். அப்பா தலைகீழாக, ஒரு கையைத் தரையை நோக்கி நீட்டியபடி இருக்கிறார். மூக்குக் கண்ணாடி முகத்திலிருந்து ஒரு சாண் தள்ளி மிதக்கிறது. புத்தகம் கட்டும்போது வெட்டிப் போட்ட காகிதச் சீவல்கள் அவரைச் சுற்றி அப்படியே நிற்கின்றன. வாய் பாதி திறந்திருக்கிறது. "அடியேன்னு என்னத்தான் கூப்பிட வர்றார்" என்கிறாள் அம்மா. தினமும் காலையில் அந்தப் பட்டறை வாசலில் நின்று "இதோ இருக்கேன்" என்று சொல்லிவிட்டுத்தான் கீழே கடையைத் திறக்கிறாள். தையல் சட்டமும் பசைச்சட்டியும் கத்திகளும் உள்ளே மாட்டிக்கொண்டதால் சமையல் மேஜையில் வைத்து, இரவல் கத்தியால் புத்தகம் கட்டுகிறாள்.

கட்டுப் பதிவகத்துக்கும் எழுதிப் பார்த்தேன். நிறுத்தப்பட்ட அறையை அவிழ்க்க மனுச் செய்யலாமாம். அறைக்குள் இருப்பவரின் கையெழுத்து வேண்டுமாம்.

எங்கள் பாடப்புத்தகத்தில் ஆறாவது பாடம் உங்களைப் பற்றியது. "காலங்கட்டி அம்மையார் தம் தம்பியைக் காத்தது எவ்வாறு?" என்பது ஐந்து மதிப்பெண் கேள்வி. "இன்னும் காக்கவில்லை, பாதியில் விட்டிருக்கிறார்" என்று எழுதினேன். ஒரு மதிப்பெண் கிடைத்தது, கையெழுத்து அழகாக இருந்ததற்காக.

அம்மா சொன்னதையும் சேர்க்கிறேன். "உங்க அத்தை கைக்குள்ள காலமே கட்டுண்டு கெடக்கு. இங்க வந்து போகத்தான் அவங்களுக்கு நேரம் கெடைக்கல."

பொறுமை தீர்ந்துகொண்டிருக்கும்,
உங்கள் தம்பி மகள்

பதில் எழுதினால் தேதி போடவும். போன வருடம் வந்த ஒரே கடிதத்தில் "இன்று" என்று மட்டும் போட்டிருந்தீர்கள்.


காற்று மாதம், பத்து அல்லது பதினொன்று

பூச்சிக்கு,

தேதி போட்டுவிட்டேன். தச்சன் வீட்டு நாற்காலிதான் ஆடும் என்பார்கள். காலத்தோடு மல்லுக்கட்டுகிறவளுக்குத் தேதி நிற்காது. அதற்கெல்லாம் கோபித்துக்கொள்ளாதே.

நான் சும்மா இல்லை. பதினொரு வருடத்துக்கு முன்னால் இந்த ஊர்ச் சந்தையின் மேல் சாய்ந்த மணிக்கூண்டை நிறுத்தினேனே, அதில் ஒரு செங்கல் இடம் மாறியிருக்கிறது என்று கேள்விப்பட்டுத்தான் வந்தேன். தராசு பழுதுபார்ப்பவர் வீட்டு மாடியில் தங்கியிருக்கிறேன். சன்னலைத் திறந்தால் கூண்டு. விழுகிற பாவனையில் நிற்கிற அந்தக் கூண்டுக்கு அடியில் கடை போட்டு வியாபாரம் பண்ணுகிறார்கள். நிழல் நன்றாக விழுகிறதாம். எதற்கும் தள்ளிப் போங்கள் என்றால், "அம்மா நீங்க கட்டினதாச்சே, அசையுமா" என்று சிரித்து என் கையில் ஒரு பழத்தைத் திணிக்கிறார்கள். என் அறையில் இப்போது நாற்பது பழம் அழுகிக்கொண்டிருக்கிறது.

உன் அப்பாவைப் பற்றிக் கவலை வேண்டாம். நிறுத்தியது நின்றது. வந்து பார்க்கிறேன். அதுவரை யாரும் அந்த அறைக்குள் எதையும் நுழைக்க வேண்டாம். உன் அம்மா செருப்பை எறிந்தாளாமே, தபால்காரர் சொன்னார்.

அவன் வாயைப் பார்த்து ஆளாளுக்கு எதையும் கற்பனை செய்ய வேண்டாம் என்றும் சொல்லி வை.

அத்தை


காற்று மாதம், 17

அன்புள்ள அத்தைக்கு,

என்னைப் பூச்சி என்று அழைப்பதை நிறுத்தவும். புத்தகப் பூச்சி என்று அப்பா பெயர் வைத்தபோது எனக்குப் பதினொரு வயது. இப்போது எட்டாம் வகுப்பு.

செருப்பு விஷயம் உண்மை. நீங்கள் போன இரண்டாவது மாதம் அம்மா வாசலில் நின்று எறிந்தாள். அது அப்பாவை நோக்கி எறியப்பட்டதல்ல. எதிர்ச்சுவரில் அப்பா ஒட்டி வைத்திருக்கும் உங்கள் அச்சுப்படத்தை நோக்கி எறிந்தது. வாசலைத் தாண்டி ஒரு முழம் போய் நின்றுவிட்டது. இன்னும் அங்கேதான் இருக்கிறது. ஒற்றைச் செருப்பை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று அம்மா அடிக்கடி புலம்புகிறாள்.

வேறு சில முயற்சிகளும் நடந்தன. துணி உலர்த்தும் கழியை உள்ளே நீட்டினோம். ஒரு சாண் போனதும் கெட்டிப்பட்ட பசையில் குத்தியதுபோல் நின்றுவிட்டது. ஆனால் திரும்ப இழுத்தபோது வழுக்கிக்கொண்டு வந்தது. பூனையும் ஒரு தடவை தலையை நுழைத்தது. வாலைப் பிடித்து இழுத்தோம், உடனே வந்துவிட்டது. உள்ளே போவதுதான் முடியாத காரியம், வெளியே வருவது சுலபம் என்று குறிப்பேட்டில் எழுதி வைத்திருக்கிறேன்.

இப்போது முக்கியமான செய்தி. "நிறுத்தியது நின்றது" என்று எழுதியிருக்கிறீர்கள். நிற்கவில்லை.

அப்பாவின் கை முன்பைவிடத் தாழ்ந்திருப்பதாக எனக்குச் சந்தேகம். அம்மாவிடம் சொன்னேன். "படிச்சுப் படிச்சுக் கண்ணு கெட்டுப்போச்சு" என்றாள். அதனால் இந்த மாதம் ஐந்தாம் தேதி, மாடி நடையில் இருக்கும் பட்டறைச் சன்னலின் வெளிப்பக்கம், அப்பாவின் நடுவிரல் நுனிக்கு நேராக ஒரு சிவப்பு நூலைக் குறுக்கே கட்டினேன். புத்தகம் தைக்கிற மெழுகு நூல், தொய்யாது. பதினொன்றாம் தேதி பார்த்தபோது விரல் நுனி நூலுக்குக் கீழே ஒரு விரற்கடை இறங்கியிருந்தது. இன்று பார்த்தால் இன்னும் கீழே. எவ்வளவு என்று ஒழுங்காக அளந்து எழுதுகிறேன்.

நீங்கள் உடனே புறப்பட வேண்டும்.

உங்கள் தம்பி மகள்


காற்று மாதத்தின் பிற்பகுதி

பூச்சிக்கு,

நூல் வெயிலில் தளரும், காற்றில் ஏறும். சன்னல் சட்டம் மரம்தானே, அதுவும் ஈரத்தில் உப்பும். ஒரு விரற்கடைக்கு ஆயிரம் காரணம் இருக்கலாம். நான் காலத்தைக் கட்ட ஆரம்பித்தபோது உன் அப்பாவுக்கே பால்பல் விழவில்லை.

சும்மா சும்மா என்னை நச்சரிக்காதே. படி, சாப்பிடு, தூங்கு. உன் அம்மாவைப் பயமுறுத்தாதே.

அத்தை


காற்று மாதம், 29

அத்தைக்கு,

அன்புள்ள என்று போட மறக்கவில்லை. வேண்டுமென்றேதான் விட்டேன்.

நூல் தளரவில்லை. பக்கத்திலேயே ஒரு செப்புக் கம்பியையும் இழுத்துக் கட்டி, கரித்துண்டால் சுவரில் கோடும் போட்டிருக்கிறேன். மூன்றும் ஒரே மட்டத்தில் இருக்கின்றன. இறங்குவது அப்பாவின் கைதான். கணக்கு இது. ஐந்தாம் தேதியிலிருந்து பதினொன்று வரை ஒரு விரற்கடை. பதினொன்றிலிருந்து பதினேழு வரை இரண்டு. பதினேழிலிருந்து இருபத்துமூன்று வரை மூன்று. இருபத்துமூன்றிலிருந்து இன்று வரை நாலு. ஆறு நாளைக்கு ஒன்று கூடுகிறது.

விரல் நுனிக்கும் தரைக்கும் இடையே இன்னும் இருபத்துநாலு விரற்கடைதான், அதாவது இரண்டு சாண். பனி மாதம் இருபத்திரண்டாம் தேதி கை தரையைத் தொடும். ஏணியின் உச்சியிலிருந்து விழுகிற வேகம் முழுவதும் அந்தக் கையில் இருக்கிறது. நமக்குத்தான் அது மெதுவாகத் தெரிகிறது. முதலில் மணிக்கட்டு உடையும், அதன் பிறகு தலை. எலும்பு வைத்தியரிடம், வேறு யாருக்கோ என்பதுபோல் விசாரித்தேன். அவர் சொன்னதை இங்கே எழுத எனக்குக் கை வரவில்லை.

இன்று அம்மாவிடம் எல்லாவற்றையும் காட்டினேன். நூலைத் தொட்டு இழுத்துப் பார்த்தாள். பிறகு, "உங்க அத்தைக்குத் தெரியுமா" என்று மட்டும் கேட்டாள். தெரியும் என்றேன்.

இனி சாக்குச் சொல்ல வேண்டாம். ஒன்று, நீங்கள் வந்து அவிழ்க்க வேண்டும். இல்லை, ஏன் வர முடியாது என்று எழுத வேண்டும்.

உங்கள் தம்பி மகள்


பனி மாதம், நாலு இருக்கலாம்

பூச்சி,

உன் கணக்கை மூன்று தடவை போட்டுப் பார்த்தேன், ஒரு தப்பாவது கிடைக்காதா என்று. கிடைக்கவில்லை.

எனக்கு அவிழ்க்கத் தெரியாது.

கட்ட மட்டும்தான் தெரியும். மணிக்கூண்டு, எரிந்த தானியக் கிடங்கு, மூழ்கிய படகு என்று ஏழு இடம் கட்டினேன். ஒன்றைக்கூட நான் அவிழ்த்ததில்லை. கட்டின மறுநாள் ஊர் கூடி வாழ்த்தும், அதற்குப் பிறகு நான் அங்கே இருக்க மாட்டேன். அந்தக் கட்டுகள் எல்லாம் மெல்ல மெல்ல நழுவிக்கொண்டிருக்கின்றன என்று இங்கே வந்து இந்தச் செங்கல்லைப் பார்த்த பிறகுதான் எனக்கே தெரியும். ஒரு தடவை கட்டிய இடத்தை மறுபடி கட்டவும் முடியாது. எங்கள் வேலை அவ்வளவுதான். கண்ணால் பார்த்ததைப் பிடிப்பேன். பார்க்காததைப் பிடிக்க முடியாது. ஆகவே நான் அங்கே வந்தால், உன் அப்பா தரையில் மோதுவதைப் பக்கத்தில் நின்று பார்ப்பேன். அதற்கு மேல் என்னால் ஆவது ஒன்றும் இல்லை.

இன்னொன்றும் இருக்கிறது. இதை இதுவரை யாரிடமும் சொன்னதில்லை.

அன்றைக்கு மேல் தட்டிலிருந்து ஒரு தோல் சுருளை எடுக்க உன் அப்பா ஏணி வைத்தான். அந்தத் தரை வழுக்கும் என்று உனக்குத் தெரியும். "அக்கா, கொஞ்சம் பிடிச்சுக்கோ" என்றான். நான்தான் பிடித்திருந்தேன். அப்போது தெருவில் பள்ளிக்கூடப் பிள்ளைகள் பத்துப் பேர் நின்று "காலங்கட்டி, காலங்கட்டி" என்று கூப்பிட்டார்கள். ஒரு கையை எடுத்து ஆட்டினேன். அவர்கள் இன்னும் சத்தம் போட்டார்கள். இன்னொரு கையையும் எடுத்தேன், தெருப்பக்கச் சன்னலுக்குப் போனேன். பின்னால் ஏணி சறுக்கும் சத்தம். திரும்பிப் பார்த்தேன். பார்த்ததைப் பிடித்தேன். உன் அம்மா ஓடி வந்தபோது, "காப்பாத்திட்டேன்" என்று சொன்னேன். அதற்குத்தான் உங்கள் ஊரில் எனக்குச் சிலை. அதைத்தான் நீ ஆறாவது பாடமாகப் படிக்கிறாய்.

அவன் வாயில் நிற்கிற சொல் என்ன என்று எனக்குத் தெரியும்.

உன் அம்மாவிடம் சொல்லாதே என்று கேட்க எனக்கு உரிமை இல்லை. ஆனாலும் கேட்கிறேன்.

அத்தை


பனி மாதம், 12

அத்தைக்கு,

உங்கள் கடிதத்தை மூன்று நாள் பாடப்புத்தகத்துக்குள் வைத்திருந்தேன், ஆறாவது பாடத்தில். எனக்கு உங்கள் மேல் மிகவும் கோபம். அதைத் தனிக் கடிதமாக எழுதுகிறேன். இப்போது வேலை இருக்கிறது.

அம்மாவிடம் நானாகச் சொல்ல மாட்டேன். கேட்டால் பொய்யும் சொல்ல மாட்டேன்.

"கண்ணால் பார்த்ததைப் பிடிப்பேன், பார்க்காததைப் பிடிக்க முடியாது" என்று எழுதியிருக்கிறீர்கள். இதை இரண்டு வருடத்துக்கு முன்னாலேயே யாராவது எனக்குச் சொல்லியிருக்கலாம். அன்று நீங்கள் பட்டறைக்கு உள்ளே நின்று பார்த்தீர்கள். சுவர், அலமாரி, அப்பா, ஏணி, தரையின் மேல்பக்கம், இவ்வளவும் உங்கள் கண்ணில் பட்டன. தரையின் அடிப்பக்கம் பட்டிருக்க வழியில்லை. அது எங்கள் கடையின் கூரை. கீழே தெருவில் பாரவண்டி போனால் அந்தப் பலகைகள் அதிர்ந்து கடையில் தூசி கொட்டும். அம்மா நாள்தோறும் புத்தகங்களின் மேலிருந்து அதைத் துடைக்கிறாள். நின்றுபோன பலகை தூசி கொட்டுமா?

தச்சரை அழைத்து வந்து, ஓரமாக ஒரு சின்னத் துளை போடச் சொன்னோம். மரத்தூள் சாதாரணமாகவே விழுந்தது. பலகை கட்டுக்குள் இல்லை, அத்தை. அதன் மேலிருக்கும் காற்றுதான் கட்டுக்குள் இருக்கிறது.

ஆகவே திட்டம் இது. அப்பாவுக்கு நேர் கீழே கூரைப் பலகையை ஆள் நுழையும் அளவுக்கு அறுத்து எடுக்கிறோம். தரை இருந்த இடத்தில் தரை இருக்காது. அவர் கை கீழே வழிந்து எங்கள் பக்கம் வரும். வெளியே வருவது சுலபம் என்று பூனை ஏற்கெனவே காட்டியிருக்கிறது. மணிக்கட்டு வெளியே வந்ததும் பிடித்து இழுத்துவிட வேண்டும். கீழே பதினெட்டு மூட்டை காகிதச் சீவல் அடுக்குகிறோம்.

தச்சர் தயங்கினார். "ஏம்மா, வீட்டுக்காரர் மேல தொங்கும்போது கீழ ஓட்டை போடச் சொல்றீங்க. நாளைக்கு ஏதாவது ஆச்சுன்னா ஊர் என்னைத்தானே பேசும்" என்றார். அம்மா, "ஊர் பேசி வச்ச செல ஒண்ணு தெருமுனையில நிக்குது. அது போதும். நீங்க அறுங்க" என்றாள்.

மணிக்கூண்டுக்கும் ஒரு யோசனை. நீங்கள் வாயால் சொன்னால் அவர்கள் நம்ப மாட்டார்கள். ஏனென்றால் நீங்கள் காலங்கட்டி. ஒரு நூலைக் கட்டுங்கள். நீங்கள் கட்ட வேண்டாம், கடைக்காரர்களையே கட்டச் சொல்லுங்கள். இத்துடன் சிவப்பு மெழுகு நூல் ஒரு கண்டு அனுப்பியிருக்கிறேன்.

மேஜை மேல் ஏறி நிற்கப்போவது அம்மா. மூட்டைகளுக்குத் தச்சர். மேஜையைப் பிடித்துக்கொள்ள ஓர் ஆள் வேண்டும். மந்திரம் எதுவும் தேவையில்லை. படகு இரண்டு நாள்தான்.

உங்கள் தம்பி மகள்


பனி மாதம், பதினேழு என்று தராசுக்காரர் சொல்கிறார்

பூச்சி,

தரையின் அடிப்பக்கம். முப்பது வருடமாகக் கட்டுகிறேன், ஒரு நாளும் எனக்குத் தோன்றவில்லை.

நூலைக் கொண்டுபோய் மீன் விற்கிற அம்மாளிடம் கொடுத்தேன். அவள்தான் எல்லாரையும்விட அதிகமாகச் சிரித்தவள். கூண்டிலிருந்து எதிர்வீட்டுத் தூணுக்கு இழுத்து அவளே கட்டினாள். மறுநாள் காலையில் நூல் அறுந்து கிடந்தது. பூனை என்றாள். இரட்டை நூல் கட்டினாள். அதுவும் அறுந்தது. மூன்றாம் நாள் தட்டை எடுத்துத் தலையில் வைத்துக்கொண்டு தெருவின் அந்தக் கோடிக்குப் போய்விட்டாள். அவள் போனதும் பாதிச் சந்தை பின்னால் போயிற்று. பதினொரு வருடப் புகழும் என் தொண்டையும் செய்யாததை உன் நூல் செய்தது.

மீதிப் பாதி இன்னும் அடியில் உட்கார்ந்திருக்கிறது. அவர்களை விட்டுவிட்டு எப்படி வருவது என்று எழுதலாம். அதில் உண்மையும் உண்டு. முழு உண்மை அல்ல என்று நீ கண்டுபிடித்துவிடுவாய், அதனால் நானே சொல்லிவிடுகிறேன். அவன் கண் திறந்து முதலில் என்னைப் பார்ப்பதை என்னால் நினைத்துப் பார்க்க முடியவில்லை.

அறுங்கள். மேஜையை இரண்டு கையாலும் பிடி. யார் கூப்பிட்டாலும் திரும்பாதே.

அத்தை


பனி மாதம், 30

அன்புள்ள அத்தைக்கு,

என் கணக்கு இரண்டு நாள் தவறிவிட்டது. கட்டு கடைசியில் அவசரப்பட்டது. அதை முதலில் ஒப்புக்கொண்டுவிடுகிறேன்.

இருபதாம் தேதி காலையில் கடையைத் திறந்தபோது, கூரையில் அறுத்த சதுரத்தின் நடுவே ஒரு நடுவிரல் நுனி தெரிந்தது. அம்மா அப்படியே துடைப்பத்தைப் போட்டுவிட்டு மேஜை மேல் ஏறினாள். அதற்குப் பிறகு அவள் இறங்கவில்லை. சாப்பிடக் கூப்பிட்டோம், வரவில்லை. ஒவ்வொரு விரலாக வர வர அதைத் தன் கைக்குள் வைத்துக்கொண்டாள். "வெரல் சூடா இருக்குடி" என்று ஒரே ஒரு தடவை சொன்னாள். உச்சி வேளைக்குள் நாலு விரலும் வந்துவிட்டன. பிறகு கட்டைவிரல், பிறகு உள்ளங்கை. மூன்றரை மணிக்கு மணிக்கட்டு வந்தது. தச்சர், "இப்ப இழுங்கம்மா" என்றார்.

நான் மேஜையின் காலைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்திருந்தேன். அந்த நேரம் பார்த்து யாரோ கடைக் கதவைத் தட்டினார்கள். என் பெயரைச் சொல்லியும் கூப்பிட்டார்கள். யார் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

அம்மா இரண்டு கையாலும் இழுத்தாள். பூனையைப் போலவேதான் வந்தார், வழுக்கிக்கொண்டு, ஒரே வீச்சில். மூட்டைகள் வெடித்துக் கடை முழுவதும் காகிதச் சீவல் பறந்தது. அதற்குள்ளிருந்து அப்பாவின் குரல் கேட்டது. ஒரு சொல்லின் பின்பாதியும் அதைத் தொடர்ந்த கேள்வியும்.

"...க்கா, ஏணியை ஏன் விட்டே?"

அப்பா எழுந்து உட்கார்ந்து, கூரையில் ஏன் ஓட்டை என்று கேட்டார். பிறகு கண்ணாடி இல்லாத கண்ணால் என்னை உற்றுப் பார்த்து, "யாரும்மா நீ, புத்தகம் வாங்க வந்தியா" என்றார். "பூச்சிப்பா" என்றேன். "பூச்சி இவ்வளவு ஒசரம் இல்லையே" என்றார். தச்சர்தான் அவருக்கு நடந்ததையெல்லாம் சொன்னார். அவருக்கு எல்லாம் ஒரு கண் இமைக்கும் நேரம்தான், அத்தை. அலமாரியிலிருந்து கடைக்கு ஒரு குதி. நடுவில் இருந்ததெல்லாம் எங்களுக்கு மட்டும்.

அம்மா மெதுவாக மேஜையிலிருந்து இறங்கினாள்.

"அக்காவையா கூப்பிட்டீங்க?"

"நீ கீழ கடையில இருந்தே. ஏணியைப் பிடிச்சிட்டு இருந்தது அக்காதானே."

"ரெண்டு வருஷமா அந்த வாயைப் பாத்துப் பாத்து, என்னைத்தான் கூப்பிடறீங்கன்னு நெனச்சு, தெனமும் இதோ இருக்கேன் இதோ இருக்கேன்னு சொல்லிட்டு இருந்தேன்."

இதை மட்டும் சொல்லிவிட்டு, துடைப்பத்தை எடுத்துச் சீவல்களைப் பெருக்க ஆரம்பித்தாள். அன்று முழுவதும் பெருக்கினாள். உங்களைப் பற்றி ஒரு வார்த்தையும் இல்லை. உனக்கு முன்பே தெரியுமா என்று என்னைக் கேட்டாள். தெரியும் என்றேன். தலையை ஆட்டிக்கொண்டாள். அப்பாவுக்கு இடது தோளில் சுளுக்கு, வேறு ஒன்றுமில்லை. எலும்பு வைத்தியர் ஏமாந்துபோனார்.

நேற்று மாலை அறை முழுவதுமாக அவிழ்ந்தது. நாங்கள் மூவரும் மாடி நடையில் இருந்தோம். உள்ளே ஒரு பெருமூச்சுப் போலச் சத்தம். ஏணி சாய்ந்து விழுந்தது. சீவல்கள் தரையில் உட்கார்ந்தன. கண்ணாடி, ஓட்டை வழியாகக் கீழே கடையில் நாங்கள் வைத்திருந்த தலையணையின் மேல் விழுந்தது. அம்மாவின் செருப்பு, ஒன்றே முக்கால் வருடம் கழித்து, விட்ட இடத்திலிருந்து பறந்து போய் எதிர்ச்சுவரில் உங்கள் படத்தின் நெற்றியில் அடித்தது. அப்பா அதை நிதானமாகப் பார்த்துவிட்டு, "குறி தப்பல" என்றார். அம்மாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சுவரைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் நீர் வரும்வரை சிரித்தாள். எவ்வளவு நாள் ஆயிற்று என்று நான் கணக்குப் போடவில்லை.

இனி இதைக் கவனமாகப் படிக்கவும். அந்தத் தோல் சுருள் இன்னும் மேல் தட்டிலேயே இருக்கிறது. தச்சர் ஏணியைச் சரிசெய்துவிட்டார். நான் பிடிக்கிறேன் என்றேன், அம்மாவும் பிடிக்கிறேன் என்றாள். அப்பா ஏற மறுக்கிறார். அவர் சொன்னது இது: "அவ வந்து பிடிக்கட்டும். அப்பறம்தான் ஏறுவேன்."

உங்கள் மேலுள்ள கோபத்தைத் தனிக் கடிதமாக எழுதுவேன் என்றிருந்தேன். நாலு பக்கம் ஆகிவிட்டது. தபாலில் அனுப்பப்போவதில்லை. நேரில் படித்துக் காட்டுகிறேன், நீங்கள் உட்கார்ந்து கேட்க வேண்டும்.

அம்மா அந்தச் செருப்பைக் கழுவி, அதன் ஜோடியோடு சேர்த்து வாசலில் வைத்திருக்கிறாள். கோபம் தீர்ந்துவிட்டதா, இல்லை கைக்கு எட்டுகிற இடத்தில் வைத்திருக்கிறாளா என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

உங்கள் தம்பி மகள்,
பூச்சி


வெயில் மாதம், ஆறாம் தேதி, காலை ஏழு மணி பத்து நிமிடம்

அன்புள்ள பூச்சிக்கு,

தேதியைத் தராசுக்காரரிடமும், தபால்காரரிடமும், மீன்கார அம்மாளிடமும் தனித்தனியாகக் கேட்டு எழுதியிருக்கிறேன். மூவரும் ஒரே தேதியைத்தான் சொன்னார்கள்.

மணிக்கூண்டு நேற்று மதியம் விழுந்தது. அடியில் ஒருவரும் இல்லை. வெங்காயக் கூடை ஒன்று மட்டும் நசுங்கியது. தெருக்கோடியில் எல்லாரோடும் நின்று கடைசிவரை பார்த்தேன். நான் கட்டிய ஒன்று அவிழும்போது அருகில் நின்றது இதுதான் முதல் தடவை. காலங்கட்டி கட்டினது விழுந்துவிட்டது என்று சிலர் என்னை ஏசினார்கள். மீன்கார அம்மாள் அவர்களை அதைவிட நன்றாக ஏசினாள். இன்று காலை எனக்கு யாரும் பழம் கொடுக்கவில்லை. நிம்மதியாக இருக்கிறது.

பத்து மணிப் படகில் ஏறுகிறேன். எட்டாம் தேதி மாலை துறையில் இறங்குவேன். துறைக்கு யாரும் வர வேண்டாம். வழி தெரியும். தெருமுனையில் எனக்குச் சிலை இருக்கிறதே.

தம்பியிடம் சொல், ஏணியை நான் பிடிக்கிறேன். உன் அம்மாவிடம் சொல், செருப்பு வாசலிலேயே இருக்கட்டும். அவன் மேலே நிற்கும்போது அவள் அதை எடுத்து எறிந்தாலும் நான் கையை எடுக்க மாட்டேன்.

அத்தை